ஹேஸ்டிங்ஸ்: ராஜாக்கள் வந்துபோன கரை

இங்கிலாந்தின் ஒரு சிறிய கடற்கரை ஊர் நூறு வருடங்களுக்கும் மேலாக சதுரங்க உலகத்தைத் தன்னிடம் வரவழைத்திருக்கிறது. அங்கே 1933இல் பிரிட்டனின் இரண்டு பட்டங்களையும் வென்றவர்கள் பஞ்சாபிலிருந்து போன இருவர்.

லண்டன் சேரிங் கிராஸ் நிலையத்தில் ரயில் ஏறினால் ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆகும். ரயில் கொண்டுபோய் இறக்கும் ஊரில் மணல் மிகக் குறைவு. கரை நெடுகக் கூழாங்கற்கள். மீன்பிடிப் படகுகளைக் கற்களின் மேலேயே இழுத்து ஏற்றி நிறுத்துகிறார்கள். பக்கத்தில் தார் பூசிய கறுப்பு மரக் கொட்டகைகள், மாடி மாடியாக உயர்ந்து நிற்கின்றன. வலைகளை ஈரம் படாமல் வைக்கக் கட்டியவை. குன்றின் உச்சியில் இடிந்த கோட்டை ஒன்று. நார்மண்டி வில்லியம் 1066இல் இங்கிலாந்தைப் பிடித்த போர் இந்த ஊரின் பெயரால்தான் சரித்திரப் புத்தகங்களில் இருக்கிறது. உண்மையில் போர் நடந்தது இங்கிருந்து சுமார் பத்து கிலோமீட்டர் உள்ளே.

ஊரின் பெயரைத் தாங்கி, ஊருக்குள்ளேயே நடந்த யுத்தங்கள் வேறு. அவை 64 கட்டங்களில் நடந்தவை.

ஐரோப்பாவில் சதுரங்கம் ஆடுகிறவர்களுக்கு ஹேஸ்டிங்ஸ் என்றால் கிறிஸ்துமஸ் முடிந்த கையோடு வரும் போட்டி. வெளியே கடற்காற்று ஜன்னலை அறையும். உள்ளே தேநீர்க் கோப்பைகளும் கடிகாரங்களின் டிக் டிக்கும். 1920இல் தொடங்கிய இந்த வருடக் கடைசி வழக்கம், உலகப் போர் போன்ற சில இடைவெளிகள் நீங்கலாகத் தொடர்ந்து வந்திருக்கிறது. காஸ்பரோவுக்கு முன்பு உலக சாம்பியனாக இருந்தவர்களில் இந்த ஊரில் ஆடாதவர் ஒரே ஒருவர்தான்: பாபி ஃபிஷர். ஸ்டைனிட்ஸ், லாஸ்கர், காபாபிளாங்கா, அலெகைன், மாக்ஸ் யூவ், போட்வின்னிக், ஸ்மிஸ்லோவ், டால், பெட்ரோசியன், ஸ்பாஸ்கி, கார்ப்போவ் எல்லோரும் இந்தக் கற்கரையைப் பார்த்தவர்கள். இவ்வளவுக்கும் இது மாஸ்கோவோ நியூயார்க்கோ அல்ல. லண்டன்காரர்கள் காற்று வாங்க வரும் ஊர்.

தொடக்கம் 1895 ஆகஸ்டில். பிராஸி நிறுவனம் என்ற கட்டடத்தில் (இன்று அது ஊர் நூலகம்) 22 பேர் கூடினார்கள். பழைய உலக சாம்பியன் ஸ்டைனிட்ஸ், அவரைத் தோற்கடித்துப் பட்டம் பறித்த லாஸ்கர், ரஷ்யாவின் சிகோரின், ஜெர்மனியின் டாராஷ் என்று அந்தக் காலத்தின் பெரிய தலைகள் ஏறக்குறைய அத்தனையும். பட்டியலின் ஒரு ஓரத்தில் ஹாரி பில்ஸ்பரி என்ற 22 வயது அமெரிக்க இளைஞர். அதற்கு முன் ஐரோப்பாவில் எந்தப் பெரிய போட்டியிலும் ஆடாதவர். கடைசியில் 21 ஆட்டங்களில் 16.5 புள்ளிகளுடன் 150 பவுன் முதல் பரிசை வாங்கிக்கொண்டு போனவர் அவர்தான். சிகோரின் அரைப் புள்ளி பின்னால். லாஸ்கர் ஒரு புள்ளி பின்னால்.

பில்ஸ்பரியின் மூளை ஒரு தனி அதிசயம். வாயில் நுழையாத சொற்களின் பட்டியலை ஒருமுறை படித்துவிட்டு முன்னிருந்து பின்னாகவும் பின்னிருந்து முன்னாகவும் ஒப்பிப்பார். பலகையைப் பார்க்காமலே பல பேருடன் ஒரே சமயத்தில் ஆடுவார்; 1902இல் மாஸ்கோவில் அப்படி 22 பேரைச் சமாளித்தார். நம் ஊர் அவதானக் கலைஞர்களைப் பார்த்தவர்களுக்கு இந்த வித்தை அந்நியமாகத் தோன்றாது. ஆனால் ஹேஸ்டிங்ஸ் வெற்றிக்குச் சமமான இன்னொரு வெற்றி அவருக்குக் கிடைக்கவில்லை. 1906இல், 33 வயதில் இறந்துபோனார்.

அதே 1895 போட்டியில் சதுரங்கக்காரர்கள் இன்றும் சொல்லிச் சிரிக்கும் ஒரு சம்பவம். ஸ்டைனிட்ஸின் யானை ஒன்று எதிராளியின் படைக்குள் தனியாகப் புகுந்து நிற்கிறது. எந்தக் காயாலும் அதை வெட்ட முடியவில்லை, வெட்டினால் அழிவு. எதிரே உட்கார்ந்திருந்த ஃபான் பார்டெலபென் என்ற ஜெர்மன் பிரபு நிலைமையைப் புரிந்துகொண்டார். தோல்வியை ஒப்புக்கொண்டு கை குலுக்க வேண்டியதுதான் முறை. அவரோ எழுந்தார், வெளியே போனார், திரும்பவே இல்லை. கடிகாரம் ஓடித் தீர்ந்த பிறகுதான் ஸ்டைனிட்ஸுக்கு வெற்றி அறிவிக்கப்பட்டது. மிச்சமிருந்த முற்றுகையை, பத்து நகர்வுகள் வரை, கூடியிருந்தவர்களுக்குக் கிழவர் ஆடிக் காட்டினார்.

பிரபலங்கள் வந்து போனவர்கள் மட்டுமல்ல. சிலர் இங்கேயே வளர்ந்தார்கள். 1882இல் தொடங்கிய ஹேஸ்டிங்ஸ் சதுரங்க சங்கத்துக்கு 1923இல் ஓர் இளம்பெண் உறுப்பினராக வந்தாள். பெயர் வீரா மெஞ்சிக். மாஸ்கோவில் பிறந்தவள், தந்தை செக், தாய் ஆங்கிலேயர். புரட்சியில் குடும்பச் சொத்து போன பிறகு தாயோடும் தங்கையோடும் 1921இல் இந்த ஊருக்கு வந்து சேர்ந்தாள். இங்கிலீஷ் சரியாக வராது. மௌனமாக ஆடலாம் என்பது சதுரங்கத்தில் ஒரு வசதி. அப்போது ஹேஸ்டிங்ஸில் வசித்துவந்த ஹங்கேரிய மேதை மாரோட்ஸி அவளுக்கு ஆசிரியர் ஆனார். நான்கே வருடம் கழித்து, 1927இல், உலகின் முதல் பெண் சாம்பியன்.

பெண்கள் பட்டத்தோடு நிற்காமல் ஆண்களின் போட்டிகளிலும் உட்கார்ந்தார் மெஞ்சிக். 1929இல் கார்ல்ஸ்பாத் போட்டிக்கு அவர் வந்தபோது ஆல்பர்ட் பெக்கர் என்ற வியன்னாக்காரர், இந்த அம்மாளிடம் தோற்பவர்கள் எல்லோரையும் 'வீரா மெஞ்சிக் சங்கத்தில்' சேர்த்துவிடலாம் என்று கேலி செய்தார். சங்கத்தின் முதல் உறுப்பினர் பெக்கரேதான். பின்னால் உலக சாம்பியனாகப்போகும் யூவ், அமெரிக்காவின் ரெஷெவ்ஸ்கி என்று உறுப்பினர் பட்டியல் கௌரவமாகவே வளர்ந்தது. 1944 ஜூனில் லண்டன் வீட்டின் மேல் ஜெர்மானியரின் பறக்கும் குண்டு விழுந்து தாய், தங்கையோடு அவர் இறந்தபோதும் உலகப் பட்டம் அவரிடமே இருந்தது.

அந்தச் சங்கத்தின் உறுப்பினர்களில் ஒரு தலைப்பாகைக்காரரும் உண்டு. ஹேஸ்டிங்ஸின் கதையில் இந்தியர்கள் நின்று படிக்க வேண்டிய பக்கம் அவருடையது.

மீர் சுல்தான் கான் பிறந்தது பஞ்சாபின் குஷாப் பகுதியில் உள்ள மிட்டா திவானா என்ற கிராமத்தில், இன்று பாகிஸ்தான். ஒன்பது வயதில் தந்தையிடம் கற்றது இந்தியச் சதுரங்கம். அதில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும். ராஜாவைக் கோட்டைக்குள் வைக்கும் முறை வேறு. கடைசி வரிசையை எட்டிய சிப்பாய் உடனே ராணியாகிவிட முடியாது, அந்தக் கட்டத்துக்குரிய காயாகத்தான் மாறும். நம் பக்கத்துத் திண்ணைகளில் தாத்தாக்கள் ஆடியதும் ஏறக்குறைய இதே ஜாதி ஆட்டம். இந்த ஆட்டத்தில் வளர்ந்தவரை சர் உமர் ஹயாத் கான் என்ற பெரும் நிலச்சுவான்தார் கண்டெடுத்து ஐரோப்பிய விதிகளைக் கற்பிக்க ஏற்பாடு செய்தார். 1928இல் அகில இந்தியப் பட்டம், ஒரு தோல்வியும் இல்லாமல். 1929இல் இந்திய மந்திரியின் ஆலோசனைக் குழுவில் உறுப்பினராக லண்டனுக்குப் போன உமர் ஹயாத் கானின் பரிவாரத்தில் சுல்தான் கானும் கப்பலேறினார்.

போன சில மாதங்களிலேயே, ராம்ஸ்கேட் நகரில் பிரிட்டிஷ் சாம்பியன் பட்டம். ஆங்கிலேயர்களுக்கு ஆச்சரியம் என்றால் சாதாரண ஆச்சரியம் அல்ல. மற்றவர்கள் தடித் தடியான புத்தகங்களிலிருந்து தொடக்க நகர்வுகளை மனப்பாடம் செய்துகொண்டு வருவார்கள். இவருக்கு அந்தப் புத்தகங்களைப் படிக்கும் ஆங்கிலமே போதாது. ஆட்டத்தின் முதல் பத்து நகர்வுகளில் அடிக்கடி சிக்கலில் மாட்டிக்கொள்வார். பிறகு நடு ஆட்டத்தில் மெல்ல மெல்லக் கரையேறி, கடைசியில் எதிராளியை மூழ்கடிப்பார். ஆங்கிலக் குளிர் ஒத்துக்கொள்ளவில்லை. மலேரியாவும் தொண்டைப் புண்ணும் விடாமல் தொந்தரவு செய்ய, கழுத்தில் துணி சுற்றிக்கொண்டு பலகை முன் உட்காருவார்.

1930 டிசம்பரில் ஹேஸ்டிங்ஸில் அவருக்கு எதிரே உட்கார்ந்தவர் கியூபாவின் காபாபிளாங்கா. உலகப் பட்டத்தை இழந்து மூன்று வருடமாகியும், அவரைத் தோற்கடிப்பது செய்தித்தாளில் வரக்கூடிய காரியமாக இருந்தது. எட்டு வருடம் ஓர் ஆட்டம்கூடத் தோற்காமல் இருந்த மனிதர். கறுப்புக் காய்களோடு அவர் எடுத்த தற்காப்புக்குப் பெயர் ராணிப்பக்க இந்தியன். அந்த இந்தியப் பெயருக்குக் காரணமாகச் சொல்லப்படுபவர் 1850களில் கல்கத்தாவில் வெள்ளைக்காரர்களோடு ஆடிய மகேஷ்சந்திர பானர்ஜி. ஆக, ஓர் இந்தியனுக்கு எதிராக இந்தியன் தற்காப்பு! ஐந்தாவது நகர்வில் சுல்தான் கான் ஓரத்துச் சிப்பாயை ஒரே ஒரு கட்டம் முன்னே தள்ளினார். கிராமத்து ஆட்டத்தின் பழக்கம் என்று அன்று யாராவது நினைத்திருந்தால் ஆச்சரியமில்லை. பல வருடம் கழித்து அதே நகர்வு பெட்ரோசியனின் பெயரால் புகழ்பெற்றது. அந்த டிசம்பரில் பெட்ரோசியனுக்கு வயது ஒன்றரை.

காபாபிளாங்காவின் இரண்டு யானைகளுக்காக சுல்தான் கான் தன் ராணியைக் கொடுத்தார். கணக்கில் சமமான பண்டமாற்றுதான். ஆனால் அதற்குப் பிறகு கியூபாக்காரரின் ராணிக்குப் போக இடமில்லாமல் போயிற்று. அவசரப்படாமல், ஒவ்வொரு வாசலாக மூடிக்கொண்டு வந்து, 65ஆவது நகர்வில் ஆட்டத்தை முடித்தார் சுல்தான் கான். அந்தப் போட்டியில் யூவ் முதலிடம், காபாபிளாங்கா இரண்டாமிடம், சுல்தான் கான் மூன்றாமிடம். (முதலிடம் பெற்ற யூவ் தோற்ற ஒரே ஆட்டம் மெஞ்சிக்கிடம்.) அடுத்த வருடம் பிராகில் நடந்த ஒலிம்பியாடில் இங்கிலாந்து அணியின் முதல் பலகையில் ஆடியவர் சுல்தான் கான், ஃப்ளோரையும் ரூபின்ஸ்டைனையும் தோற்கடித்தார்.

1933 கோடையில் பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப் ஹேஸ்டிங்ஸில் நடந்தது. ஆண்கள் பட்டம் மூன்றாவது முறையாக சுல்தான் கானுக்கு. பெண்கள் பட்டம் ஃபாத்திமா என்ற பஞ்சாபிப் பெண்ணுக்கு. இவரும் உமர் ஹயாத் கானின் வீட்டைச் சேர்ந்தவர்தான். முந்தைய வருடம் ஆறாவது இடத்தில் வந்தவர், இம்முறை 11 ஆட்டங்களில் பத்து வெற்றி, ஒரு டிரா. அடுத்து வந்தவருக்கும் அவருக்கும் இடைவெளி மூன்று புள்ளிகள். பெண்கள் பட்டம் ஐரோப்பியர் அல்லாத ஒருவருக்குப் போகும் என்று அந்தக் கடற்கரையில் யாரும் பந்தயம் கட்டியிருக்க மாட்டார்கள். பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தின் ஆண், பெண் சாம்பியன்கள் இருவரும் லண்டனில் ஒரே வீட்டில், ஒரே எஜமானரின் கூரையின் கீழ் இருந்தார்கள்.

எஜமானர் என்ற சொல்லில்தான் தகராறு. அமெரிக்க அணியில் ஆடிய ரூபன் ஃபைன் பின்னாளில் எழுதிய ஒரு நினைவு பலமுறை எடுத்துச் சொல்லப்பட்டிருக்கிறது. 1933இல் அமெரிக்க அணியை உமர் ஹயாத் கான் விருந்துக்கு அழைத்தார். வழக்கமாகத் தன் வேட்டை நாய்களோடு மட்டுமே பேசுபவர் தான் என்று விருந்தாளிகளிடம் பெருமையாகச் சொன்னார். யாரைக் கௌரவிக்க வந்தார்களோ அந்த சாம்பியனே மேஜைக்கு வந்து உணவு பரிமாறினார், விருந்தாளிகள் நெளிந்தார்கள். டேனியல் கிங் 2020இல் எழுதிய வாழ்க்கை வரலாறு துணைத் தலைப்பிலேயே சுல்தான் கானை 'சேவகர்' என்றது. அவருடைய பேத்தி உள்ளிட்டவர்கள் பலமாக ஆட்சேபித்தார்கள். தங்கள் குடும்பம் நிலமும் ஆன்மிக மரியாதையும் உள்ள பீர்களின் குடும்பம். படிப்பறியாத வேலைக்காரன் மேதையான கதை மேற்கத்தியர்களுக்கு ருசிக்கும் கதை, அவ்வளவுதான் என்பது அவர்கள் வாதம்.

இரண்டில் ஒன்றுதான் உண்மையாக இருக்க வேண்டுமா? ஜமீன் அரண்மனைகளில் நாகஸ்வர வித்வானும் புலவரும் எப்படி நடத்தப்பட்டார்கள் என்று தெரிந்தவர்களுக்கு இது அவ்வளவு பெரிய புதிராக இருக்காது. பொன்னாடை போர்த்திய கையே மறுநாள் வெற்றிலைச் செல்லத்தை எடுத்துவரச் சொல்லும். சொந்த ஊரில் நிலமும் பெயரும் உள்ளவர் பிரபுவின் லண்டன் பங்களாவில் எந்த இடத்தில் உட்கார்ந்தார் என்பதை லண்டனில் இருந்தவர்கள்தான் பார்த்தார்கள். அவர்கள் பார்வைக்குத் தலைப்பாகை கட்டிய எவரும் ஒன்று மகாராஜா, இல்லையென்றால் பணியாள். சுல்தான் கான் தன்னை என்னவாக நினைத்தார் என்பதற்குக் கிடைப்பது ஒரே ஒரு குறிப்பு. ஊர் திரும்பியபோது சிறையிலிருந்து விடுதலையானது போல் உணர்ந்தார் என்று ஃபாத்திமா சொல்லியிருக்கிறார்.

1933 டிசம்பரில் உமர் ஹயாத் கான் தாயகம் திரும்பினார். பரிவாரமும் திரும்பியது. 1935இல் காடில்கர் என்பவருடன் பத்து ஆட்டங்கள், அவற்றில் 9.5 புள்ளி. அதோடு சரி. இங்கிலாந்தில் கழித்த காலம் ஐந்து வருடம்கூட இல்லை. நான்கு முறை பிரிட்டிஷ் பட்டத்துக்கு ஆடி மூன்று முறை வென்றவர், முப்பது வயதில் ஒதுங்கி சர்கோதா பக்கம் விவசாயத்தைப் பார்த்துக்கொண்டார். பிள்ளைகளுக்குச் சதுரங்கம் சொல்லிக்கொடுக்க மறுத்துவிட்டாராம். வாழ்க்கையில் உருப்படியாக ஏதாவது செய்யுங்கள் என்றாராம். 1966 ஏப்ரலில் காசநோயால் இறந்தார். ஃபாத்திமா அதற்குப் பிறகு எந்தப் பெரிய போட்டியிலும் ஆடவில்லை.

1950இல் சர்வதேச சதுரங்க சம்மேளனம் முதல் முறையாக கிராண்ட்மாஸ்டர் பட்டங்களை வழங்கியது. மொத்தம் 27 பேர். ஆட்டத்தை விட்டுப் பல வருடம் ஆகிவிட்ட ரூபின்ஸ்டைனுக்கும் பட்டம் கிடைத்தது, பழைய சாதனைகளுக்காக. அந்த ரூபின்ஸ்டைனை வென்ற சுல்தான் கான் அப்போது உயிரோடு இருந்தார், பட்டியலில் இல்லை. வாதாட ஒரு தேசம் வேண்டுமே. ஆடியது இங்கிலாந்துக்கு, பிறந்தது பிரிட்டிஷ் இந்தியாவில், இருந்தது பாகிஸ்தானில். பட்டம் கடைசியில் 2024 பிப்ரவரியில் வந்தது. சம்மேளனத் தலைவர் த்வோர்கோவிச் இஸ்லாமாபாத்துக்குப் போய் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை அறிவித்தார். இறந்து ஐம்பத்தேழு வருடம் கழித்து பாகிஸ்தானின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார் சுல்தான் கான்.

பஞ்சாப் இந்த ஊருக்கு வந்த இன்னொரு வழியும் இருக்கிறது. ஹேஸ்டிங்ஸ் அருங்காட்சியகத்தில் 'தர்பார் மண்டபம்' என்று ஒன்று உண்டு. உள்ளே போனால் சுவரும் தூணும் மாடமும் கண் கூசும் மரச் செதுக்கல். 1886இல் லண்டனில் நடந்த காலனிகள் மற்றும் இந்தியப் பொருட்காட்சிக்காகப் பஞ்சாபி மரச் சிற்பிகள் செய்தது. பொருட்காட்சி முடிந்ததும் பிராஸி பிரபு விலைக்கு வாங்கித் தன் லண்டன் மாளிகையில் பொருத்திக்கொண்டார். பில்ஸ்பரி ஆடிய கட்டடத்தைக் கட்டிய அதே பிராஸிதான். பிறகு மண்டபம் ஊருக்கே வந்து சேர்ந்தது. சிற்பிகள் ஊர் திரும்பினார்கள். மரம் இங்கேயே நின்றுவிட்டது.

போருக்குப் பிறகும் ஹேஸ்டிங்ஸ் அமர்க்களப்பட்டது. 1953–54 போட்டியில் ஹியூ அலெக்சாண்டர் என்ற ஆங்கிலேயர் சோவியத்தின் டேவிட் பிரான்ஸ்டைனை 120 நகர்வுகள், பல நாட்கள் இழுத்துத் தோற்கடித்தபோது பத்திரிகைகள் அதை முதல் பக்கச் செய்தியைப் போலத் தொடர்ந்தன. அலெக்சாண்டர் என்ன உத்தியோகம் பார்க்கிறார் என்பது அன்று வெளியே தெரியாது. ரகசியச் சங்கேதங்களை உடைக்கும் அரசாங்க வேலை. அதனாலேயே சோவியத் பக்கம் போய் ஆட அவருக்கு அனுமதி இல்லை. ரஷ்யர்களைத் தோற்கடிக்க வேண்டுமென்றால் அவர்கள்தான் இங்கே வர வேண்டும்.

போர்க்காலத்தில் அலெக்சாண்டருக்கு மூத்த சகாவாக இருந்த ஆலன் டூரிங் சிறுவனாக வளர்ந்ததும் இங்கேதான். அப்பா மதராஸ் ராஜதானியில் ஐ.சி.எஸ். அதிகாரி. அம்மா பிறந்தது கோயம்புத்தூர் போத்தனூரில், ரயில்வே பொறியாளரின் மகளாக. பெற்றோர் இந்தியாவில் இருக்க, பிள்ளைகளை ஹேஸ்டிங்ஸை ஒட்டிய செயின்ட் லெனார்ட்ஸில் ஒரு ராணுவ அதிகாரியின் குடும்பத்தில் விட்டிருந்தார்கள். வளர்ந்த பிறகு டூரிங், கணிப்பொறிக்குச் சதுரங்கம் கற்பிக்கும் விதிகளைக் காகிதத்தில் எழுதினார். அதை ஓட்டக்கூடிய இயந்திரம் அப்போது இல்லாததால் 1952இல் தானே கணிப்பொறியாக உட்கார்ந்து, பென்சிலால் கணக்குப் போட்டு, நகர்வுக்கு அரை மணி நேரம் எடுத்து ஒரு நண்பரோடு ஆடினார். 29ஆவது நகர்வில் தோல்வி.

2001–02 போட்டியில் முதலிடத்தை மூவர் பகிர்ந்துகொண்டார்கள். உஸ்பெகிஸ்தானின் பார்சோவ், சென்னையின் கிருஷ்ணன் சசிகிரண், குண்டூரிலிருந்து வந்த பதினைந்து வயது ஹரிகிருஷ்ணா. சதுரங்கத்தின் பெரும் பணம் அதற்குள் வேறு ஊர்களுக்குப் போய்விட்டது. பத்துப் பேரைத் தேர்ந்தெடுத்து அழைக்கும் பழைய சம்பிரதாயமும் ஹேஸ்டிங்ஸில் பின்னர் முடிவுக்கு வந்தது; இப்போது யாரும் கட்டணம் கட்டிப் பெயர் கொடுக்கலாம். வருடக் கடைசியில் வரும் பெயர்ப் பட்டியலில் இந்தியப் பெயர்களைப் பார்த்து யாரும் வியப்பதில்லை. பிரிட்டிஷ் பெண்கள் சாம்பியன்களின் பட்டியலில் 1933க்கு எதிரே மட்டும் இன்னும் ஒற்றைப் பெயர்தான் இருக்கிறது: மிஸ் ஃபாத்திமா.